கேள்வி–பதில்: அழுகைக்குள் இருக்கிற கணக்கு

இந்த இதழுக்கு வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் சாவு வீட்டுப் பாட்டான ஒப்பாரியைப் பற்றியவை. ராமநாதபுரம் கடற்கரை ஊர்களிலிருந்து வந்தவற்றில் சிலவற்றுக்கு மட்டும் இங்கே பதில். ஒரே விஷயத்தைக் கேட்ட கடிதங்களைச் சேர்த்து ஒன்றாக்கியிருக்கிறோம்.

எங்க அப்பத்தா இறந்தப்ப அயித்தைமார் எல்லாம் வரி வரியா ஒப்பு வச்சு அழுதாங்க. எனக்கு "ஐயோ"வைத் தவிர வாயில் ஒண்ணும் வரலை. அதெல்லாம் மனப்பாடமா, இல்ல அந்த நேரத்துல தானா வருமா? – தேவிபட்டினம் வாசகி

இரண்டும் இல்லை. அச்சு மனப்பாடமாக இருக்கும், அதில் ஊற்றுவது அந்த நேரத்துச் சரக்கு. உங்கள் அயித்தைமாருக்குத் தெரிந்தது பத்துப் பதினைந்து அச்சுகளாக இருக்கலாம். அதற்குள் உறவையும் ஊரையும் பொருளையும் மாற்றிப் போட்டால் ராத்திரி முழுக்க அழலாம்.

காட்டினால்தான் புரியும். யாருடைய பாட்டும் இல்லாமல், மாதிரிக்கு நாங்களே கட்டிய ஒரு கண்ணி. வத்தை என்கிற பாய்ப்படகு வைத்திருந்த ஒருவருக்கு மகள் அழுவதாக வைத்துக்கொள்ளுங்கள்:

முத்துக் கோத்துப் பாய் தச்சு – என்னப் பெத்த அப்பா
மூணு பாய் வச்ச வத்தை
முந்தி வரும் கரைக்குன்னு – என்னப் பெத்த அப்பா
மூங்கிப் பாடை வந்ததென்ன

முதலில் காதுக்கு. நாலு அடியும் மு, மூ, மு, மூ என்று தொடங்குகிறது. இந்த மோனை அழகுக்காக வைத்ததில்லை, அடுத்த அடியை நினைவுக்கு இழுத்து வருகிற கயிறு. "மு" என்று வாய் எடுத்துவிட்டால் முத்து, மூணு, முந்தி, மூங்கில் என்று சொற்கள் வரிசையில் வந்து நிற்கும். புள்ளி வைத்த எழுத்துகளை விட்டுவிட்டு எண்ணிப் பாருங்கள்: 7, 7, 8, 8. ஒரு அடி, ஒரு மூச்சு. பத்தைத் தாண்டினால் அழுகிறவருக்கு மூச்சு எட்டாது. புதிதாக முயல்பவர்கள் முதலில் தடுக்கி விழுகிற இடம் இதுதான். சொல்ல வேண்டியதை எல்லாம் ஒரே அடியில் திணிப்பார்கள்.

அடுத்தது "என்னப் பெத்த அப்பா" என்கிற விளி. கேட்பவருக்கு அது அழைப்பு. பாடுகிறவருக்கோ அதுதான் அவகாசம். வாய் அதைப் பழக்கத்தில் சொல்லிக்கொண்டிருக்கும்போது மனசு அடுத்த அடியைத் தேடி எடுத்துவிடும். பக்கத்தில் தோளில் கை போட்டு, தலையோடு தலை முட்டி உட்கார்ந்திருக்கிற பெண்கள் சேர்ந்துகொள்வதும் இந்த விளியில்தான். மற்ற அடிகள் பாடுகிறவருக்கே சொந்தம், அதில் யாரும் கூடப் பாட முடியாது.

பொருள் எப்படிப் போகிறது என்பது முக்கியம். முதல் இரண்டு அடி பொய். யாரும் முத்துக் கோத்துப் பாய் தைப்பதில்லை. ஒப்பாரியின் முன்பாதி எப்போதும் பொன்னும் முத்தும் பவளமுமாக, இறந்தவரை இருந்ததைவிட உயரத்தில் ஏற்றி வைக்கும். மூன்றாம் அடி எதிர்பார்ப்பு. நாலாவது அடியில் விழுகிறது. உயரம் கூடக் கூட விழுகிற சத்தம் பெரிதாகக் கேட்கும். இந்தத் திருப்பம் இல்லாவிட்டால் அது வெறும் புகழ்ப்பாட்டு. இரங்கல் கூட்டத்தில் மைக் பிடித்துப் பேசுகிறவர்கள் செய்வது அதைத்தான். "அன்று இப்படி, இன்று இப்படி" என்கிற இந்தக் கீல் நமக்குப் புதிதில்லை. புறநானூற்றின் 112ஆம் பாட்டில் பாரி மகளிர் அந்த நிலவையும் இந்த நிலவையும் வைத்து ஐந்தே அடியில் செய்தது இதே வேலை. தொல்காப்பியம் அந்தத் துறைக்குக் கையறுநிலை என்று பெயர் வைத்திருக்கிறது.

இனி அதே அச்சில் தாய்க்கு:

முத்தரிசி புடைச்செடுத்து – என்னப் பெத்த அம்மா
மூணு பானை சோறாக்கி
முந்தி நிக்கும் பிள்ளைக்கெல்லாம் – என்னப் பெத்த அம்மா
மூடி வச்ச சோறு எங்கே

வத்தை போய்ப் பானை வந்தது, பாடை போய்ச் சோறு வந்தது. மோனையும் திருப்பமும் அசையவில்லை. கடைசி அடி கேள்வியாக முடிவதையும் கவனியுங்கள். "வந்ததென்ன", "எங்கே", "யாரிருக்கா" என்று பதில் இல்லாத கேள்வியில் நிறுத்தினால் குரல் தானாகக் கீழே இறங்கி விம்மலில் போய் முடியும். மெட்டும் அப்படித்தான், மேலே எடுத்து, மூன்று நான்கு சுரத்துக்குள் படிப்படியாக இறங்கும். முதல் அடியையே உச்சத்தில் எடுத்தவர்களுக்கு மூன்றாவது கண்ணியில் தொண்டை கட்டிக்கொள்ளும்.

முறைப்பெயரில் மட்டும் பிழை கூடாது. மருமகள் மாமியாருக்கு "என்னப் பெத்த அம்மா" போட்டால் நாலு பேர் திரும்பிப் பார்ப்பார்கள். அவள் சொல்ல வேண்டியது வேறு, சொல்லக் கிடைத்திருக்கிற உரிமையும் வேறு. மகள் அழும்போது பிறந்த வீட்டு வாசல் அடைபடுவதும், இனி அண்ணி கையால் சோறு எப்படிக் கிடைக்கும் என்பதும் வரும். அண்ணி பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பாள்! சாதாரண நாளில் சொன்னால் சண்டையாகிற பேச்சு பாட்டில் வந்தால் யாரும் எதிர்த்துப் பேசக்கூடாது. ஒப்பாரி செத்தவருக்கு மட்டும் பாடுவதில்லை, பாதி இருக்கிறவர்கள் காதுக்குத்தான்.

உங்களுக்கு வரவில்லை என்பதில் குறை ஒன்றும் இல்லை. அயித்தைமார் உங்கள் வயதில் எத்தனை சாவு வீட்டில் அந்த வட்டத்தில் உட்கார்ந்து விளியில் மட்டும் சேர்ந்து பாடியிருப்பார்கள் என்று கேட்டுப் பாருங்கள்.

சவுதியில் என்னோடு வேலை பார்க்கிற எத்தியோப்பியாக்காரர் ஓரோமோ இனம். அவர் தாய் இறந்த செய்தி வந்த அன்று தனியாக உட்கார்ந்து பாட்டு மாதிரி ஏதோ முனகினார். அவர்களுக்கும் ஒப்பாரி உண்டா? நம்முடையதும் அதுவும் ஒன்றா? – கீழக்கரை வாசகர்

உண்டு. ஓரோமோ மக்கள் எத்தியோப்பியாவின் மிகப் பெரிய இனம், வட கென்யாவிலும் இருக்கிறார்கள். மொழி அஃபான் ஓரோமோ. குஷிடிக் குடும்பத்தைச் சேர்ந்தது, சோமாலிக்கு உறவு. அழுகைக்கு அவர்கள் சொல் போ'இச்சா. நடுவில் உள்ள குறியில் தொண்டையை ஒரு கணம் அடைத்துத் திறக்க வேண்டும்.

துக்கத்துக்கு இன்னொரு சொல் உண்டு, கத்த. இதில் ஒரு குழி இருக்கிறது. ஓரோமோ பற்றி எதைத் தேடினாலும் முதலில் வந்து நிற்பது 'கதா' என்கிற சொல். அது எட்டு எட்டு ஆண்டாகத் தலைமுறை வரிசையில் பொறுப்பைக் கைமாற்றுகிற அவர்களுடைய ஆட்சிமுறை. யுனெஸ்கோ பண்பாட்டு மரபுப் பட்டியலில் 2016இல் சேர்ந்தது. துக்கத்துக்கும் அதற்கும் தொடர்பு இல்லை. ஒன்றில் மெய் இரட்டிக்கிறது, மற்றதில் கடைசி உயிர் நீள்கிறது, அவ்வளவுதான். படுவுக்கும் பட்டுவுக்கும், பல்லுக்கும் பாலுக்கும் உள்ள வித்தியாசம் தெரிந்த நமக்கு இது சிரமமில்லை. ஆங்கிலம் வழியாகப் படிக்கிறவர்கள்தான் இரண்டையும் குழப்பிவிடுவார்கள்.

சாவு வீட்டில் பெண்கள் இறந்தவரின் பெயரையும் செய்ததையும் சொல்லி அழுவது அங்கேயும் வழக்கம். ஆனால் துயரத்தைப் பாட்டாக்குவது அங்கே பெண்களோடு நிற்கவில்லை. கீரர்சா என்று ஆண்களின் பாட்டு வகை ஒன்று உண்டு. வேட்டையிலும் போரிலும் செய்த வீரத்தைத் தானே எடுத்துச் சொல்வதாகத் தொடங்கியது. காலப்போக்கில் வறுமை, நிலம் பறிபோனது, சிறை, ஊரை விட்டுப் போனது எல்லாம் அதற்குள் வந்தன. "நான் யார் தெரியுமா" என்று எடுத்த குரலே "நான் என்ன ஆனேன் பார்" என்று இறங்கும். மேலே ஏற்றிக் கீழே போடுகிற நம் அச்சு இங்கேயும் வேலை செய்வதைப் பார்க்கலாம். ஹச்சாலு ஹுண்டேசா என்ற பாடகரின் 2009ஆம் ஆண்டு ஆல்பத்தில் பெரும்பாலானவை அவர் சிறையில் இருந்தபோது எழுதியவை. 2020 ஜூன் 29இல் அடிஸ் அபாபாவில் அவரைச் சுட்டுக் கொன்றார்கள். உங்கள் நண்பரிடம் அந்தப் பெயரைச் சொன்னாலே போதும், அவர் பேசத் தொடங்கிவிடுவார்.

கட்டுமானத்தில்தான் நிஜமான வித்தியாசம். ஓரோமோப் பாட்டில் பல இடங்களில் அடிகள் இரட்டையாக வரும். முதல் அடி மாடு, மழை, மரம் என்று ஏதோ ஒரு காட்சி. அடுத்த அடிதான் சொல்ல வந்த சேதி. இரண்டுக்கும் பொருளில் தொடர்பு இருக்க வேண்டும் என்றில்லை, ஓசையில் இருந்தாக வேண்டும். நம் மொழியில் செய்து பார்த்தால் இப்படி இருக்கும்:

கொண்டல் அடிச்சா மழை வரும்
மண்டபம் போனவன் எப்ப வருவான்

கொண்டல்–மண்டபம், வரும்–வருவான். மழைக்கும் மண்டபம் போனவனுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்கக்கூடாது. முதல் அடி காதைத் தயார் செய்கிறது. சேதி வரும்போது காது ஏற்கெனவே திறந்திருக்கும். மொழிபெயர்ப்பில் இது செத்துப்போகும். முதல் அடியை வெறும் உளறல் என்று நினைத்துச் சேதியை மட்டும் எழுதிக்கொண்டால் பாட்டில் பாதி காணாமல் போகும்.

பெயர் சொல்லும் மரியாதையிலும் ஒரு நுணுக்கம். ஓரோமோப் பெரியவர்களைக் குதிரையின் பெயரால் சொல்வது பழைய வழக்கம். ஜிம்மா மன்னர் அபா ஜிஃபாரின் பெயருக்கு ஜிஃபாரின் தலைவன், அதாவது அந்தக் குதிரையின் உடையவன், என்று பொருள். நம் பக்கத்தில் ஒருவரை அவருடைய படகால் சொல்வோமே, அதுபோல.

எழுத்து விஷயத்தில் அவர்கள் பட்ட பாடு அதிகம். பேரரசு காலத்தில் பள்ளிக்கும் அலுவலகத்துக்கும் அச்சுக்கும் அம்ஹாரிக்தான். கூபே என்கிற லத்தீன் எழுத்துமுறை 1991இல்தான் நிலைபெற்றது. அதற்கு ஏறக்குறைய நூறாண்டுக்கு முன்பே ஒரு பெண் பெரிய வேலை செய்துவிட்டார். அஸ்தெர் கன்னோ, அடிமையாக விற்கப்பட்டுச் செங்கடலைக் கடக்கும் கப்பலில் 1886இல் இத்தாலியர்களால் மீட்கப்பட்டவர். மிஷன் பள்ளியில் படித்த பின், தன் நினைவில் இருந்த பாட்டு, பழமொழி, விடுகதை, கதை என்று சுமார் ஐந்நூறை எழுதி வைத்தார். அவற்றில் ஒரு பகுதி 1894இல் வந்த ஓரோமோ வாசிப்புப் பாடநூலில் அச்சேறியது. 1899இல் வந்த ஓரோமோ விவிலியத்தில் மொழிபெயர்ப்பாளர் ஓனெசிமோஸ் நெசிபோடு அவருடைய உழைப்பும் இருக்கிறது. தாய் வீட்டைச் சிறுவயதில் இழந்தவரின் மனசில் தாய்மொழிப் பாட்டு எவ்வளவு தங்கியிருந்தது பாருங்கள்.

நண்பரிடம் கேட்பதாக இருந்தால் "பாடிக் காட்டுங்கள்" என்று தொடங்காதீர்கள். யார் யாருக்காகப் பாடுவது, மகன் தாய்க்கு என்ன சொல்லி விளிப்பான் என்று கேளுங்கள். எழுதும்போது அவரையே கூபேயில் எழுதச் சொல்லுங்கள். உயிரெழுத்து இரட்டித்தால் நெடில், மெய் இரட்டித்தால் அழுத்தம். ஒன்றைக் குறைத்தாலும் பொருள் மாறும். அந்த எழுத்துமுறையில் எக்ஸ், க்யூ, சி மூன்றும் ஆங்கில ஒலி இல்லை. தொண்டையை அடைத்து வெடிக்கவிடுகிற த, க, ச ஒலிகள். செல்போன் மொழிபெயர்ப்பை நம்பி இறங்காதீர்கள்.

துக்கத்துக்குப் பணம் எப்படி அனுப்புவது என்றும் கேட்டிருந்தீர்கள். எத்தியோப்பிய ஊர்களில் இதிர் என்கிற சாவுச் சங்கம் இருக்கும். மாதா மாதம் சந்தா கட்டிய குடும்பத்துக்குச் சாவு விழுந்தால் கூடாரம், நாற்காலி, சமையல் அண்டா, ஆள் எல்லாம் சங்கத்திலிருந்து வரும். ஆகவே கேதச் செலவுக்கு என்று கேட்டு அனுப்புவதைவிட, நம் வழக்கப்படி அவர் கையில் கொடுத்துவிடுவதே நல்லது.

கடலுக்குப் போன எங்க மாமா திரும்பவே இல்லை. உடம்பும் கிடைக்கலை. பாட்டி இன்னும் ஒப்பு வைக்க மாட்டேங்குறாங்க. வைக்கலாமா, எப்ப வைக்கலாம்? – தொண்டிப் பக்கத்து வாசகர்

பாட்டி வைக்காததற்கு இலக்கணக் காரணமே உண்டு. சாவு வீட்டு ஒப்பாரி நிகழ்ச்சிகளின் மேல் ஏறி வருவது. நீர்மாலை எடுத்து வருவார்கள், அதற்கு ஒரு கண்ணி. பிறந்த வீட்டுக் கோடித் துணி வரும், அதற்கு ஒன்று. வாய்க்கரிசி, பாடை தூக்குவது, குடம் உடைப்பது என்று ஒவ்வொன்றும் அழுகையை ஒரு படி தள்ளிக்கொண்டு போகும். உடம்பு இல்லாதபோது இந்தப் படிகள் எதுவும் இல்லை. எதைப் பிடித்து அழுவார்? "மூங்கிப் பாடை வந்ததென்ன" என்று முடிக்கப் பாடையே வரவில்லையே.

ஆகவே கடலில் போனவருக்கான அழுகையில் வினை முற்றுப்பெறாது. "எந்தத் துறை சேந்தியோ", "கச்சான் கொண்டு போச்சோ, சோழகம் கொண்டு போச்சோ" என்று ஓகாரத்தில் தொங்கும். கச்சானும் சோழகமும் காற்றின் பெயர்கள். ராமேஸ்வரம் பக்கத்தில் பாக் நீரிணையைப் பெண் கடல் என்றும் மன்னார் வளைகுடாவை ஆண் கடல் என்றும் சொல்வார்கள். வழக்கைக் கொண்டுபோய் வைப்பது அந்தக் கடலிடம்தான், இறந்தவரிடம் இல்லை. இறந்தவர் என்று சொல்ல இன்னும் வாய் வரவில்லை.

சடங்கில் இதற்கு வழி உண்டு. தர்ப்பையால் உருவம் செய்து, அதை உடம்பாக வைத்துக் காரியம் முடிப்பது பழைய முறை. அதன்பின் ஆடி அமாவாசைக்கோ தை அமாவாசைக்கோ சேதுக்கரையிலோ தேவிபட்டினத்திலோ நீர் கொடுக்கலாம். ஆனால் அதற்குப் பாட்டியை அவசரப்படுத்த வேண்டாம். அவர் மனசில் இன்னும் ஆள் வந்துகொண்டிருக்கிறார்.

சட்டம் வேறு கணக்கில் போகும். ஏழு ஆண்டு ஆளைப் பற்றி எந்தத் தகவலும் இல்லை என்றால்தான் இறந்ததாகக் கொள்ளலாம். உடனே செய்ய வேண்டியது, காணாமல் போனதாகக் காவல் நிலையத்தில் பதிந்து முதல் தகவல் அறிக்கை நகல் வாங்குவதும், மீன்வளத் துறையில் எழுத்தில் கொடுப்பதும். அது இல்லாமல் ஏழு ஆண்டை எந்த நாளிலிருந்து எண்ணுவது என்பதே தகராறாகிவிடும். காகிதத்தை இப்போதே செய்துவிடுங்கள், ஒப்பு தானாக வரட்டும்.

எங்க அம்மாச்சிக்கு 80 வயசுக்கு மேல ஆகுது, நூத்துக்கணக்குல பாட்டு தெரியும். பதிஞ்சு வைக்கணும்னா "சாவு இல்லாத வீட்டுல பாடக்கூடாது"ன்னு மறுக்குறாங்க. – மண்டபம் வாசகி

அவர் சொல்வதை மூடநம்பிக்கை என்று தள்ளினால் பதிவு நடக்காது. வீட்டுக்குள் பாடினால் சாவை அழைப்பதாகும் என்பது அவர் நம்பிக்கை. ஆகவே வீட்டை விட்டு வெளியே வாருங்கள். தென்னந்தோப்போ பனங்காடோ போதும். செவ்வாய், வெள்ளி வேண்டாம். விளக்கு வைக்கிற நேரம் வேண்டவே வேண்டாம். கைக்குழந்தையோ கர்ப்பிணியோ புதுப்பெண்ணோ கூட இருந்தால் அவர் வாய் திறக்க மாட்டார். "யாருக்காவது பாடுங்க" என்று கேட்காமல், ஏற்கெனவே இறந்த ஒருவரை, அவர் அம்மாவையோ அண்ணனையோ சொல்லிக் கேளுங்கள். அப்போது அது நினைவு அழுகை, தோஷம் இல்லை.

காலை எட்டு மணிக்கு முன் வைத்துக்கொண்டால் நல்லது. வெயில் ஏறினால் கடல்காற்று எழும், மைக்கில் அது இரைச்சலாக விழும். மைக்குக்குப் பஞ்சு உறை போடுங்கள். வாயிலிருந்து 30 முதல் 40 சென்டிமீட்டர் தள்ளி, நேர் எதிரே வைக்காமல் சற்றுப் பக்கவாட்டில் வையுங்கள். செல்போன் என்றால் ஏரோப்ளேன் மோடில் போடுங்கள். கோப்பு எம்பி3 வேண்டாம், வேவ் வடிவத்தில், 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட். ஸ்டீரியோவில் ஒரு மணி நேரம் ஏறக்குறைய 1 ஜிபி, மோனோவில் அதில் பாதி.

பலரும் கோட்டை விடுகிற இடம் ஒன்று. செயலியில் ஒலி அளவைத் தானாகச் சரிசெய்யும் வசதி இருந்தால் அணைத்துவிடுங்கள். ஒப்பாரியில் ஒரு அடி உச்சத்தில் கிளம்பி அடுத்த கணம் விம்மலாக அடங்கும். அந்த வசதி உச்சத்தை அமுக்கி, விம்மலை உயர்த்தி, இடையில் இருக்கிற காக்கையையும் பம்ப் செட்டையும் சேர்த்து உயர்த்திவிடும். அழுகை முழுவதும் ஒரே மட்டத்தில் கேட்கும். அளவைக் கையால் குறைத்து, உச்சக் குரலிலும் முள் மைனஸ் 12 டெசிபெல்லைத் தாண்டாமல் வைத்துக்கொள்ளுங்கள். மெதுவாகப் பதிவானதைப் பிறகு உயர்த்திக்கொள்ளலாம், உடைந்து பதிவானதை ஒட்ட முடியாது.

தொடக்கத்தில் நாள், ஊர், பாடுபவர், யாருக்கு யார் பாடுவது என்பதை உங்கள் குரலில் சொல்லிவிடுங்கள். பாடும்போது குறுக்கே பேசக்கூடாது. உங்களுக்கு அழுகை வந்தால் அழுங்கள், அது அவருக்குத் துணை. ஒரு அமர்வுக்கு இருபது நிமிடத்துக்கு மேல் வேண்டாம். முடிந்ததும் முகம் கழுவ வைத்து, காபி கொடுத்து, ஒரு தாலாட்டுப் பாடச் சொல்லுங்கள். மெட்டு இரண்டுக்கும் நெருக்கம் என்பதால் சிரமமில்லாமல் மாறுவார், மனசும் இறங்கி வரும்.

மறுநாள் பதிவைப் போட்டுக் காட்டி, நிறுத்தி நிறுத்தி விளக்கம் கேட்டு அதையும் பதியுங்கள். "இந்த அண்ணி யாரு? ஏன் அந்த வார்த்தை?" என்பது பாட்டைவிட நீளமாக வரும். எழுதும்போது "பெத்த"வைப் "பெற்ற" என்று திருத்தாதீர்கள். மெய் மாறினால் ஓசை போகும், அம்மாச்சியும் போய்விடுவார்.

இணையத்தில் ஏற்றுவதற்கு முன் ஒன்று. அந்தப் பாட்டுகளில் உயிரோடு இருக்கிறவர்கள் மேல் குற்றச்சாட்டு இருக்கும். சாவு வீட்டில் அதற்கு மன்னிப்பு உண்டு, யூடியூபில் இல்லை. அம்மாச்சியிடம் எது வெளியே போகலாம், எது வீட்டோடு இருக்கட்டும் என்று தனித்தனியாகக் கேட்டு, அவர் பதிலையும் பதிந்து வையுங்கள்.

கூலிக்கு மாரடிப்பதில் உண்மையான துக்கம் எங்கே இருக்கிறது? – சாயல்குடி வாசகர்

துக்கம் வீட்டுக்காரருக்கு, தொழில் பாடுகிறவருக்கு. நாதஸ்வரக்காரர் கல்யாண மாப்பிள்ளையா என்று நாம் கேட்பதில்லை. ஆனால் இதில் ஒரு கசப்பு உண்டு, அதை மறைக்க வேண்டாம். சாவுக்குப் பறை அடிப்பதும் மாரடித்துப் பாடுவதும் பல ஊர்களில் விருப்பத் தொழிலாக இருந்ததில்லை, சாதியால் சுமத்தப்பட்ட வேலை. அதை மறுத்து நிறுத்தியவர்கள் கலையை அழித்தார்கள் என்று வருத்தப்படுகிறவர்கள், அந்தக் கூலி எவ்வளவு, எந்த வாசலில் நின்று வாங்கினார்கள் என்றும் கேட்க வேண்டும்.

எங்கள் பக்கத்தில் பெரிய வெள்ளிக்குப் பாடுவதும் ஒப்பாரிதானா? – தங்கச்சிமடம் வாசகி

ஆம், குடும்பம் ஒன்றுதான். வியாகுலப் பிரசங்கம் வாசிப்பதும், மாதாவின் புலம்பலைப் பாடுவதும் தமிழ்த் தாய் மகனுக்கு அழுகிற முறையை அப்படியே எடுத்துக்கொண்டவை. ஒரே வித்தியாசம், இங்கே எழுதி வைத்த பாடம் இருக்கிறது. அடியை மாற்ற உரிமை இல்லை. சாவு வீட்டு ஒப்பாரிக்கு எழுத்து வந்த அன்றே உயிர் பாதி.

முஸ்லிம் வீடுகளில் ஏன் ஒப்பாரி இல்லை? – பெரியபட்டினம் வாசகர்

கண்ணீருக்குத் தடை இல்லை. நபிகள் நாயகம் தம் மகன் இப்ராஹீம் இறந்தபோது கண் கலங்கியதை ஹதீஸ் சொல்கிறது. தடை, ஓலமிட்டு மாரடித்து அழும் நியாஹாவுக்கு. கணவனை இழந்தவருக்கு நாலு மாதம் பத்து நாள் இத்தா என்கிற காத்திருப்புக் காலம். துக்கத்துக்கு அங்கே பாட்டைவிட நாள் கணக்குதான் வடிவம் கொடுக்கிறது. ஓரோமோக்காரர் ஒருவர் முஸ்லிமாக இருந்தால் அவரும் பெரும்பாலும் அடங்கித்தான் அழுவார். மேலே கீழக்கரை வாசகர் பார்த்த முனகல் அதுவாகவும் இருக்கலாம்.

1990களில் பதிந்த ஒப்பாரி கேசட் ஒன்று பெட்டியில் கிடந்தது. போட்டால் அப்பத்தா குரல் சிறுபிள்ளை குரல் மாதிரி கிறீச்சென்று வேகமாக ஓடுகிறது. கேசட் கெட்டுவிட்டதா? – பாம்பன் வாசகர்

கேசட் கெடவில்லை. பதிந்த அன்று டேப் ரெக்கார்டரில் பேட்டரி இறங்கியிருக்கிறது. கேசட் நொடிக்கு 4.76 சென்டிமீட்டர் ஓட வேண்டும். பேட்டரி தளர்ந்து அதைவிட மெதுவாக ஓடியபோது பதிந்ததை, இப்போது சரியான வேகத்தில் ஓட்டினால் எல்லாம் விரைவாகவும் மேலாகவும் கேட்கும். கணினியில் ஏற்றிய பின் ஒலித் தொகுப்பு மென்பொருளில் வேகத்தைக் குறைக்கலாம். சுருதியை மட்டும் மாற்றுகிற வசதியைத் தொடாதீர்கள், வேகமும் சுருதியும் சேர்ந்து இறங்க வேண்டும். பேட்டரி போகப் போக இறங்கியிருந்தால் முதல் நிமிடத்துக்கும் இருபதாவது நிமிடத்துக்கும் வெவ்வேறு அளவு தேவைப்படும். ஐந்து ஐந்து நிமிடமாக வெட்டிச் சரிசெய்யுங்கள். அளவுகோலுக்கு, அதே கேசட்டில் எங்காவது வானொலியோ கோயில் மணியோ பதிவாகியிருக்கிறதா என்று தேடுங்கள். இல்லாவிட்டால் அப்பத்தா பேசின குரலை நன்றாக அறிந்த ஒருவரைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொள்ளுங்கள்.

ஓட்டுவதற்கு முன் கேசட் சன்னல் வழியாக நாடாவைப் பாருங்கள். கடற்கரை ஈரத்தில் ஓரமாக வெள்ளைப் பொடி படிந்திருந்தால் அது பூஞ்சை. அதை ஓட்டினால் இயந்திரத்தின் ஹெட்டிலும் அடுத்த கேசட்டிலும் ஒட்டும். சிலிகா ஜெல் பையோடு மூடிய டப்பாவில் சில நாள் காயவைத்து, வெளிக்காற்றில் மென்மையான துணியால் துடைத்த பிறகே தொடுங்கள். நாடாவை அழுத்துகிற சின்னப் பஞ்சுத் துண்டு விழுந்திருந்தால் ஒலி மங்கி மங்கி வரும். அப்போது நாலு மூலையிலும் நடுவிலும் திருகு உள்ள வேறொரு நல்ல கேசட்டைக் கழற்றி, சக்கரங்களை அப்படியே அதற்குள் மாற்றிவிடலாம். ஒலி அடைத்துக் கேட்டால் ஹெட் பக்கத்தில் இருக்கும் சின்னத் திருகைக் கால் சுற்றுக்கும் குறைவாக இப்படியும் அப்படியும் திருப்பி, தெளிவு வருகிற இடத்தில் நிறுத்துங்கள். முதல் ஓட்டத்திலேயே கணினியில் பதிந்துகொண்டே ஓட்டுங்கள். பழைய நாடா இரண்டாம் முறை ஓடும் என்று உத்தரவாதம் கிடையாது.

கேசட்டின் பின்பக்கத்தையும் முழுக்க ஓட்டிப் பாருங்கள். அழுகை முடிந்ததும் ரெக்கார்டரை அணைக்க மறந்து, பெண்கள் மூக்கைச் சிந்திக்கொண்டு யார் என்ன பாடினார்கள் என்று பேசியது பல கேசட்டில் அப்படியே இருக்கும்.